பேர் சொல்லாப் பிள்ளை

2023ஆம் ஆண்டு ஜூலை மாத இறுதியில் தலைமன்னாரிலிருந்து மாத்தளையை நோக்கி ஒரு நடைபயணம் புறப்பட்டது. மலையகத் தமிழர் இலங்கைக்கு வந்து 200 ஆண்டுகள் நிறைவெய்தியதை நினைவுகூரும் நடை அது. அந்த நாட்களில் வெளிவந்த கட்டுரைகளையும் மேடைப் பேச்சுகள் பற்றிய செய்திகளையும் இயன்றவரை தேடித்தேடி வாசித்தேன். தொழிலை விட்டாலும் பழக்கம் விடுவதில்லை. வாசிக்க வாசிக்க ஒரு சொல் மாத்திரம் கண்ணில் தட்டுப்பட்டுக்கொண்டே இருந்தது: குரல். குரலற்ற மக்கள், குரல் மறுக்கப்பட்ட மக்கள், ஊமையாக்கப்பட்ட சமூகம் என்று அது பல வடிவில் வந்தது. குறைகூறும் அருகதை எனக்கு இல்லை. அந்தச் சொற்களையே பல்லாண்டு காலம் எழுதிச் சம்பளம் வாங்கியவன் நான். ஆனால் இம்முறை அவற்றை வாசித்தபோது, 1981ஆம் ஆண்டில் ஒரு லயத்து வாசற்படியில் உட்கார்ந்திருந்த சிறுவனின் முகம் நினைவுக்கு வந்து, பிறகு போக மறுத்துவிட்டது.

அட்டனுக்கு அண்மையில் ஒரு தோட்டம். குடியுரிமையும் வாக்குரிமையும் பற்றி ஒரு தொடர் எழுதுவதற்காகப் போயிருந்தேன். ‘வாயில்லாப் பூச்சிகள்’ என்று தலைப்புக்கூட முன்கூட்டியே தீர்மானித்தாயிற்று. அந்த வயதில் தலைப்பு வந்துவிட்டால் கட்டுரை வந்துவிட்டது என்று நம்பிய ஒரு காலம் இருந்தது. லயத்தின் கடைசிக் காம்பராவில் குடியிருந்தவரிடம் 1964ஆம் ஆண்டின் ஸ்ரீமா - சாஸ்திரி ஒப்பந்தத்தைப் பற்றி, இந்தியாவுக்கு விண்ணப்பித்த கடுதாசிகளைப் பற்றி, கேள்விமேல் கேள்வியாகக் கேட்டுக்கொண்டிருந்தேன். வாசற்படியில் ஒன்பது பத்து வயது மதிக்கத்தக்க பையன் ஒருவன் என் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தான்.

‘‘தம்பி பேர் என்ன?’’ என்றேன்.

பையன் சிரித்தான். தகப்பனார்தான் பதில் சொன்னார்: ‘‘அவன் ஊமைங்க. ஊமையான்னுதான் கூப்பிடுறது.’’

‘‘பேரே வைக்கவில்லையா?’’

‘‘வைக்காம என்னங்க, வச்சோம். கூப்பிட்டுத்தான் என்ன ஆகப்போவுது, அவனுக்குத்தான் காது கேக்காதே.’’

அதன்பின் அந்தப் பையன் எழுந்து வந்து எனக்கு ஒரு நாடகமே நடத்திக் காட்டினான். மேலுதட்டின் மீது விரலை முறுக்கினால் கங்காணி. தலைக்குமேல் கையைக் குடையாகப் பிடித்தால் தொப்பி போட்ட துரை. உள்ளங்கையில் எதையோ எண்ணிப் போட்டு வாயில் கவிழ்த்தால் மருந்துக்கார ஐயா. காலையில் பிரட்டுக்குத் தப்பு அடிக்கும்போது ஓடிப்போய்த் தப்பின்மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டு நிற்பானாம். அது ஒன்றுதான் அவனுக்குக் ‘கேட்டது’. யாரும் கற்றுக்கொடுக்காமல் தனக்கென்று ஒரு மொழியையே அவன் ஆக்கி வைத்திருந்தான். இன்னும் நாலைந்து வருஷத்தில் அரைப்பேர் போட்டுக் கொடுப்பார்கள், புல்வெட்டப் போய்விடுவான் என்றார் தகப்பனார். தோட்டத்து வழக்கில் ஒரு நாள் வேலைக்குப் பெயர் ‘பேர்’. செக்றோல் புத்தகத்தில் பேர் விழுந்தால்தான் அன்றைக்குச் சம்பளம். பாதி வேலைக்கு அரைப்பேர். வைத்த பேரால் ஒருவராலும் அழைக்கப்படாத பிள்ளைக்குக் கடைசியில் கிடைக்கவிருந்த பேர் அது.

தொடர் வெளிவந்தது. நல்ல வரவேற்பும் கிடைத்தது. அதில் அந்தப் பையன் இல்லை. வாயில்லாப் பூச்சிகளைப் பற்றி எழுதச் சென்ற எனக்கு, உண்மையிலேயே வாய் பேசாத ஒரு பிள்ளை செய்தியாகத் தோன்றவில்லை. மறு ஆண்டு அந்தக் குடும்பம் தலைமன்னாரில் இராமானுஜம் கப்பலேறி இந்தியாவுக்குப் போய்விட்டதாகப் பின்னர் அறிந்தேன்.

மலையகத்தின் ‘குரல்’ பற்றிய வரலாற்றைக் கேட்டால் நம்மில் பலர் மனப்பாடமாக ஒப்புவிப்போம். துணி வியாபாரி வேடத்தில் தோட்டங்களுக்குள் நுழைந்த கோ. நடேசய்யர்; அவர் 1924இல் தொடங்கிய ‘தேசபக்தன்’; 1931இல் அட்டனில் அமைத்த தொழிற்சங்கம்; தொழிலாளர் மத்தியில் பாடல் பாடிச் சென்ற மீனாட்சி அம்மையார்; 1947இல் இலங்கை இந்தியன் காங்கிரஸ் வென்ற ஏழு ஆசனங்கள்; 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம்; அதன் பின்னர் 1977இல் சௌமியமூர்த்தி தொண்டமான் மீண்டும் வெல்லும்வரை நீடித்த பாராளுமன்ற மௌனம். இவற்றையெல்லாம் எழுதியிருக்கிறோம், எழுத வேண்டியவையும்தான். பேச்சு வராத பிள்ளைக்கும், திக்குவாயால் வகுப்பில் வாய் திறக்காத பிள்ளைக்கும், பக்கவாதத்தில் சொல்லிழந்த கிழவிக்கும் அந்த மலைகளில் என்ன வரலாறு உண்டு என்று எவரும் கேட்டதில்லை. கேட்டுப் பார்த்தால் அது வேறொரு வழியாக வந்து அதே இடத்தில் முடிகிறது.

தோட்ட மருத்துவத்தின் வரலாறு 1872ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் கட்டளைச் சட்டத்திலிருந்து தொடங்குகிறது எனலாம். கோப்பிக் காலம் அது. வழியிலும் லயத்திலும் மனிதர் செத்து மடிந்ததால் எழுந்த கூக்குரலின் விளைவு அந்தச் சட்டம். மாவட்ட வைத்தியர், ஆஸ்பத்திரி, தோட்டத்து டிஸ்பென்சரி என்று ஓர் அமைப்பு மெல்ல உருவாயிற்று. 1916இல் றொக்பெல்லர் நிறுவனத்தார் மாத்தளைத் தோட்டங்களில் கொக்கிப்புழு ஒழிப்பைத் தொடங்கினர். நல்ல காரியம், சந்தேகமில்லை. ஆனால் இந்த அமைப்பு எதை எண்ணியது என்பதைக் கவனிக்க வேண்டும். பிறப்பை எண்ணியது; இறப்பை எண்ணியது; வேலைக்கு வர முடியாதபடி ஆளைப் படுக்கவைக்கும் நோயை எண்ணியது. கொக்கிப்புழு இரத்தத்தை உறிஞ்சினால் கொழுந்து குறையும். பேச்சு வராவிட்டால் கொழுந்து குறையாது. வாய் பேசாத பெண்ணின் விரலும் இரண்டு இலை ஒரு மொட்டைப் பறிக்கும். ஆகவே பேச்சு ஒரு நோயாக எந்தப் பதிவேட்டிலும் ஏறவில்லை.

பள்ளிக்கூடமாவது கண்டுபிடித்திருக்கலாம். 1920ஆம் ஆண்டின் கல்விச் சட்டம் 6 வயது முதல் 10 வயதுவரையான தோட்டப் பிள்ளைகளுக்குக் கல்வியளிக்கும் பொறுப்பைத் தோட்ட நிர்வாகத்தின்மேல் வைத்தது. நடைமுறையில் அது ஒரே மண்டபமும் ஒரே வாத்தியாருமாகவே பெரும்பாலும் இருந்தது. பதில் சொல்லாத பிள்ளை பின் வாங்குக்குப் போகும். பின் வாங்கிலிருந்து வீட்டுக்குப் போகும். அதற்கு முந்திய வயதில் பிள்ளையைப் பார்த்துக்கொண்டது பிள்ளை மடுவம். தாய்மார் மலைக்குப் போனபின் ஓர் ஆயாவின் கையில் ஒரு கூட்டம் பிள்ளைகள். ஒரு குழந்தை சத்தத்துக்குத் திரும்பவில்லை என்பதைக் கவனிக்க அந்த ஆயாவுக்கு ஆறு கண் வேண்டும். அமைதியான பிள்ளை அங்கே நல்ல பிள்ளை.

வீட்டார் சும்மா இருந்தார்கள் என்று எண்ணக்கூடாது. வசம்பைச் சுட்டு நாக்கில் தடவினார்கள். அந்த மருந்துக்கே ‘பேர் சொல்லா மருந்து’ என்றொரு வழக்குப் பெயர் உண்டு. கதிர்காமத்துக்கு நேர்ந்து வைத்தார்கள். ஐந்து வயதுவரை பேசாதிருந்து திருச்செந்தூர் முருகன் சந்நிதியில் வாய் திறந்து கந்தர் கலிவெண்பா பாடியவர் குமரகுருபரர் என்ற ஐதீகம் தமிழ்ப் பெற்றோருக்குப் பெரியதோர் ஆறுதல். பக்தியோடு எனக்குப் பிணக்கில்லை. ஆனால் அந்தக் கதையிலுள்ள ‘ஐந்து வயது’தான் நம் பிள்ளைகளுக்கு வினையாயிற்று என்று நினைக்கிறேன். மூளை மொழியைப் பற்றிக்கொள்ளும் வேகம் முதல் மூன்று ஆண்டுகளில்தான் அதிகம். ஒரு வயதில் தன் பேருக்குத் திரும்பாத குழந்தையை, இரண்டு வயதில் இரண்டு சொல்லைச் சேர்த்துச் சொல்லாத குழந்தையை, முதலில் காதுப் பரிசோதனைக்குக் கொண்டுபோக வேண்டும். ஐந்து வயதுவரை பொறுத்திருந்தால் அந்த வேகம் குறைந்துபோகிறது.

உலகம் இதைக் கற்றுக்கொள்ளவும் காலம் எடுத்தது. மூளையின் இடப்புறத்தில் ஏற்படும் சிதைவு பேச்சைப் பறிக்கும் என்று பாரிஸ் நகரில் போல் புறோக்கா காட்டியது 1861இல். இரண்டு உலகப் போர்களிலும் தலையில் காயம்பட்டுச் சொல்லிழந்து திரும்பிய சிப்பாய்களால்தான் பேச்சுச் சிகிச்சை ஒரு தொழிலாக வேரூன்றியது. பிரித்தானியாவில் அதற்கான கல்லூரி அமைந்தது 1945இல். இந்தியாவில் மைசூரில் பேச்சுக்கும் செவிக்குமான அகில இந்திய நிறுவனம் 1965இலும், செவிப்புலன் குறைந்த சின்னஞ்சிறு குழந்தைகளுக்கெனச் சென்னையில் பால வித்யாலயா 1969இலும் தோன்றின.

இலங்கையில் செவிப்புலனற்றோர் கல்வி அதற்கெல்லாம் முந்தியது. மேரி சாப்மன் என்ற மிஷனரி அம்மையார் 1912இல் தொடங்கிய பாடசாலையே பிற்பாடு இரத்மலானையில் நிலைபெற்றது. தமிழ்மொழி வழியாகக் கற்பிக்க 1956இல் யாழ்ப்பாணம் கைதடியில் நஃபீல்ட் பாடசாலை எழுந்தது. சிங்களம் மட்டும் சட்டம் நிறைவேறிய ஆண்டும் அதுவே. அட்டன் லயத்திலிருந்து ஒரு பிள்ளை தன் தாய்மொழியில் அத்தகைய கல்வி பெறவேண்டுமானால் மலையிறங்கிக் குடாநாட்டுக்குப் போகவேண்டும். போன பிள்ளைகளும் உண்டு. போர் மூண்ட பிறகு அந்தப் பாதையும் அடைபட்டது. 1990இல் யாழ்தேவி நின்றது. 1995 ஒக்டோபர் இறுதியில் வலிகாமத்து மக்கள் எல்லாம் தென்மராட்சியை நோக்கி இடம்பெயர்ந்தார்கள். பேச்சு வராத மலையகப் பிள்ளையை எந்தத் தகப்பன் அந்த வழியில் கூட்டிப்போவான்?

இத்தனைக்கும் பிறகு, 1997இல், களனிப் பல்கலைக்கழகத்தின் ராகமை மருத்துவ பீடத்தில் பேச்சு, மொழிச் சிகிச்சைக்கான டிப்ளோமா கற்கை ஆரம்பமாயிற்று. பிரித்தானியத் தொண்டர்களும் இலண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியினரும் கைகொடுத்தனர். பின்னர் அது நான்காண்டுப் பட்டப்படிப்பாக உயர்ந்தது. நாட்டின் பெரிய ஆஸ்பத்திரிகளில் இன்று இச்சிகிச்சை கிடைக்கிறதென்றால் அதற்கு வித்திட்ட இடம் அது.

ராகமை என்ற பெயரை எழுதும்போதே எனக்கு இன்னொன்று நினைவுக்கு வருகிறது. 19ஆம் நூற்றாண்டின் முடிவில் பிளேக் நோய்க்குப் பயந்து, தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குக் கப்பலில் வந்த தோட்டத் தொழிலாளரைத் தடுத்து வைத்திருந்த முகாம் அந்த ராகமையில்தான் இருந்தது. தோட்டத்தின் இலக்கம் பொறித்த தகரத் துண்டுகளோடு மனிதர் அனுப்பப்பட்ட காலமும் அதையடுத்து வந்தது. தகரத்தில் இலக்கம் இருந்ததால் வாயால் பேர் சொல்ல வேண்டிய அவசியமே அவர்களுக்கு இருக்கவில்லை. அவர்களுடைய வழித்தோன்றல்களுக்குப் பேச்சு மீட்டுத் தரக்கூடிய கல்வி, அந்த ஊருக்கு வர ஏறக்குறைய நூறாண்டு சென்றது.

இனித்தான் விஷயத்தின் கடினமான பகுதி. மலேரியாவுக்கான குளிசை சிங்களவர் கொடுத்தாலும் தமிழர் கொடுத்தாலும் ஒரே மாதிரியே வேலை செய்யும். எலும்பு முறிவுக்கு மொழி கிடையாது. பேச்சுச் சிகிச்சையில் மருந்தும் கருவியும் மொழியேதான். எந்தச் சொல்லைச் சொல்ல முயல்கிறான், எந்த எழுத்தை எந்த இடத்தில் விழுங்குகிறான், அது குறையா அல்லது அந்த ஊர் வழக்கா என்று கேட்டறியும் காது சிகிச்சையாளருக்கு வேண்டும். அண்ணப்பிளவோடு பிறந்த பிள்ளையை எடுத்துக்கொள்வோம். வாயில் காற்றை அடக்க முடியாமல் அது மூக்கு வழியே போய்விடுவதால் ‘ப’ என்பது ‘ம’ போல ஒலிக்கும். பால் மாலாகும், அப்பா அம்மாவாகும். பிளவைத் தைத்து மூடியபின்னும் பழகிய நாக்கு பழைய வழியில்தான் போகும். அதைத் திருப்புவது பேச்சுப் பயிற்சியே. அந்தப் பயிற்சியைப் பிறமொழிச் சொற்களில் செய்தால் வீட்டுக்குப் போனதும் பிள்ளைக்கு அது உதவாது.

2014ஆம் ஆண்டில், எனக்குத் தெரிந்த ஒரு குடும்பத்துக்குத் துணையாக ஓர் அரசாங்க ஆஸ்பத்திரிக்குப் போனேன். அண்ணப்பிளவுக்குச் சத்திரசிகிச்சை முடிந்த நான்கு வயதுப் பையன். கூட வந்தவர் பாட்டி. தாய்க்கு அன்று மலையில் பேர் போட்டாக வேண்டும். சிகிச்சை செய்தவர் இளம் சிங்களப் பெண், பொறுமைசாலி. தமிழ் தெரியாது. மொழிபெயர்க்கும் சிற்றூழியர் அன்று வரவில்லை. குடும்பப் படம் வரைந்த அட்டை ஒன்றைப் பையனுக்கு முன்னால் வைத்து, கனிவான குரலில், ‘‘தாத்தா கோ?’’ என்றார். சிங்களத்தில் அதற்கு ‘அப்பா எங்கே’ என்பது பொருள். பையன் தயங்காமல் விரலை நீட்டினான், படத்திலிருந்த நரைத்த தலைக் கிழவரின்மேல். மறுபடியும் கேட்டார். மறுபடியும் கிழவர். அவர் தாளில் ஏதோ குறித்துக்கொண்டார்.

எனக்குத் தெரிந்த அரைகுறைச் சிங்களத்தில், தமிழில் தாத்தா என்றால் பாட்டன் என்று விளக்கினேன். ஒரு கணம் விழித்துப் பார்த்தவர் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். பிறகு சிரிப்பு அடங்கி, தாளை எடுத்துத் தாம் குறித்ததை அடித்தார். அவருக்கு உடனே புரிந்துவிட்டது: பையனின் பதில் பிழையல்ல, அவனுக்குக் காதும் நன்றாகக் கேட்கிறது, சொல்லின் பொருளும் தெரிகிறது என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி வேண்டியதில்லை. நான் அங்கே இல்லாதிருந்தால் அந்தக் குறிப்பு பையனோடு எவ்வளவு தூரம் போயிருக்கும் என்று பஸ்ஸில் திரும்பும்போது நினைத்துக்கொண்டே வந்தேன். அவர்மேல் எனக்குக் குறையில்லை. தமக்குத் தெரியாத மொழியில், அதுவும் மொழியையே கருவியாகக் கொண்ட ஒரு வேலையை, அவர்தலையில் கட்டியிருந்தார்கள்.

தமிழ் பேசும் சிகிச்சையாளர் ஏன் இவ்வளவு அரிது என்று கேட்டால் மறுபடியும் தோட்டப் பள்ளிக்கூடத்துக்கே வந்து சேர்கிறோம். ராகமைக்குப் போக உயர்தரத்தில் உயிரியல் படித்திருக்க வேண்டும். தோட்டப் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்கத் தொடங்கியதே 1970களில். அதற்குப் பிறகும் உயர்தர விஞ்ஞான வகுப்பு நடத்தும் தமிழ்ப் பாடசாலைகள் மலையகத்தில் விரல்விட்டு எண்ணும்படியாகவே நெடுங்காலம் இருந்தன. ஆய்வுகூடம் இருந்தால் ஆசிரியர் இல்லை, ஆசிரியர் வந்தால் இடமாற்றம். அதைத் தாண்டி வந்தவர்களை வைத்தியத் துறை இழுத்துக்கொள்ளும். ஊரில் டொக்டரைக் கொண்டாடுவார்கள். பேச்சுச் சிகிச்சையாளர் என்றால் ‘அது என்ன வேலை?’ என்பார்கள். 2022ஆம் ஆண்டுப் பொருளாதார நெருக்கடியின் பின்னர் சுகாதாரத் துறையினர் பலர் நாட்டை விட்டுப் போனதும் சேர்ந்துகொண்டது. டிக்கோயாவில் இந்திய உதவியுடன் 150 கட்டில்கள் கொண்ட ஆஸ்பத்திரி எழுந்தது. பிரதமர் மோடி வந்து 2017 மே மாதம் திறந்து வைத்தார். நானும் மகிழ்ந்து எழுதினேன். கட்டடத்தை வெளிநாடு கட்டித் தரலாம். அட்டன் லயத்துப் பேச்சைக் கேட்டுப் புரிந்துகொள்ளும் காதை அப்படிக் கொண்டுவர முடியாது. தமிழ் என்றாலும் எந்தத் தமிழ் என்பதும் ஒரு கேள்வி. சென்னையில் அச்சிட்ட படத்தில் ‘அறை’ என்றிருக்கும். இந்தப் பிள்ளை காம்பரா என்றே சொல்வான், அதைக் குறையென்று குறிக்கக்கூடாது.

அன்று அந்தச் சிகிச்சையாளர் அட்டைகளை ஓரமாக வைத்துவிட்டுப் பாட்டியிடம், பிள்ளை வீட்டில் தினமும் காண்கிற பொருள்களில் ‘ப’ வருகிறவற்றைச் சொல்லச் சொன்னார். நான் மொழிபெயர்த்தேன். பாட்டி யோசிக்கவேயில்லை: ‘‘படங்கு, பாலு, பானை, பீலிக்கரை, பிரட்டு...’’ மழைக்கும் பனிக்கும் கொழுந்து பறிக்கும் பெண்கள் இடுப்பில் சுற்றும் கனத்த துணிதான் படங்கு. சிகிச்சையாளர் ஒவ்வொன்றையும் சிங்கள எழுத்தில் எழுதிக்கொண்டு, இரண்டு மூன்று முறை சொல்லிப் பழகினார். பிறகு ஒரு மெல்லிய கடதாசித் துண்டைத் தம் உதட்டுக்கு முன்னால் பிடித்து, ‘‘படங்கு’’ என்றார். கடதாசி துள்ளியது. பையனுடைய உதட்டுக்கு முன்னால் பிடித்தார். அது அசையவில்லை. மீண்டும் பிடித்தார். ஐந்தாவது தடவையோ ஆறாவது தடவையோ, ஓரம் மாத்திரம் இலேசாக ஆடியது.

கடதாசித் துண்டைப் பாட்டி நான்காக மடித்து முந்தானையில் முடிந்துகொண்டார். அடுத்த தவணை மூன்று மாதம் கழித்து. பஸ்ஸுக்குக் காத்திருந்தபோது பாட்டி என்னிடம் ஒன்று மட்டும் கேட்டார், ‘‘அன்னிக்கும் நீங்க வருவீங்களா ஐயா?’’